மெட்டு தெரிந்தால் சொல் வரும்

போன சித்திரையில் உத்திரமேரூர் ஏரிக்கரையைத் தாண்டி உள்ளே போகும் ஒரு ஊரில் எங்கள் ஜமாவுக்கு, அதாவது கூத்துக் குழுவுக்கு, ஒரு கருமாதிக் கூத்து. இறந்தவர் எழுபதைத் தாண்டிய விவசாயி. எட்டு நாளைக்கு முன்பே அவருடைய பெரிய மகன் வந்து தாம்பூலம் வைத்துவிட்டுப் போனார். கர்ண மோட்சம் ஆட வேண்டும் என்று அவர் சொல்ல வேண்டிய தேவைகூட இல்லை. எங்கள் பக்கத்தில் பதினாறாம் நாள் கூத்து என்றால் அது கர்ண மோட்சம்தான். செய்த தர்மத்தின் பலனையெல்லாம் தானமாக வார்த்துக் கொடுத்துவிட்டுக் கர்ணன் மோட்சம் போகிற கதையை விடிய விடியக் கேட்டால், போனவருக்கும் வழி திறக்கும் என்பது ஜனங்களின் நம்பிக்கை. அந்த நம்பிக்கை எனக்கும் உண்டு.

வேஷக்காரர்கள் அரிதாரம் பூசிக்கொண்டிருந்தார்கள். நான் கூத்து ஆடுகிற களரியின் பின்பக்கம் போட்டிருந்த பெஞ்சில் உட்கார்ந்து சீவாளியை வாயில் அதக்கிக்கொண்டிருந்தேன். காய்ந்த சீவாளி பேசாது. நாக்குக்கும் கன்னத்துக்கும் நடுவில் அது ஊறி, இரண்டு இதழும் இளகி, லேசாக ஊதினால் கோழிக்குஞ்சு மாதிரிக் கீச்சென்று ஒரு சத்தம் போடும். அதற்குப் பிறகுதான் அதைக் குழலில் செருகுவேன். என் வாத்தியத்துக்குப் பெயர் முகவீணை. பெயரில்தான் வீணை, ஆள் குழல். நாகஸ்வரத்தின் குட்டித் தம்பி என்று சொல்லலாம். என்னுடையது ஒரு சாணும் நாலு விரலும். நாகஸ்வரத்தின் கம்பீரம் இதற்குக் கிடையாது. ஆனால் மத்தளம், டோலக், தாளம், ஆர்மோனியப் பெட்டி, நாலு பேர் பின்பாட்டு எல்லாம் ஒன்றாய் எழும்பும்போதும் அந்த இரைச்சலைக் கிழித்துக்கொண்டு ஊர்க்கோடி வரைக்கும் போகிற சத்தம் இதனுடையது.

அந்த வீட்டுப் பேரன், கல்லூரிப் பையன், பக்கத்தில் வந்து உட்கார்ந்து எங்கள் பெஞ்சு, பெட்டி, துணி மூட்டை எல்லாவற்றையும் பார்த்துவிட்டுக் கேட்டான்: "மாமா, ராத்திரி பூரா பாடுறீங்களே, இதெல்லாம் எங்க எழுதி வெச்சிருக்கீங்க? நோட்டு எதுவும் காணோமே?"

சீவாளி வாயில் இருந்ததால் நான் முகவீணையைத் தூக்கிக் காட்டினேன். அவன் அதை ஏதோ விளையாட்டு என்று எடுத்துக்கொண்டு சிரித்தான். நான் உள்ளதைத்தான் சொன்னேன். அதை விளக்கமாக எழுத வேண்டும் என்று அன்றைக்கே தோன்றியது.

பதினோரு வயதில் என்னைக் கூத்தில் சேர்த்தார்கள். எங்கள் வாத்தியார் சாயங்காலத்தில் நெல் அடிக்கிற களத்தில் பையன்களை உட்கார வைத்துச் சொல்லிக்கொடுப்பார். முதல் நாளே பாட்டு வரும் என்று நான் ஆசையோடு போனேன். வந்ததோ 'தன்னன்னா'. வெறும் தன்னன்னா. ஒரு மெட்டை எடுத்துக்கொண்டு, சொல்லே இல்லாமல், தொடையில் தாளம் தட்டியபடி அதையே திரும்பத் திரும்பப் பாட வைப்பார். எங்கே ஏறுகிறது, எங்கே மூச்சை விட வேண்டும், எந்தத் தட்டில் அடி முடிகிறது, முடிந்த இடத்திலிருந்து எப்படித் திரும்பி முதல் அடிக்கு வருவது, எல்லாமே தன்னன்னாவில்தான். ஒரு மெட்டுக்கு இருபது நாள்கூட ஆகும். பிறகு ஒரு நாள், யாரும் எதிர்பார்க்காத நேரத்தில், அதே மெட்டில் சொல்லைப் போட்டுப் பாடிக் காட்டுவார். இரண்டு தடவை கேட்டால் போதும், பாட்டு வாயில் உட்கார்ந்துவிடும்.

"சொல்ல மொதல்ல குடுத்தா பையன் சொல்லப் புடிச்சிக்குவான், மெட்டு நழுவிப் பூடும். மெட்டப் புடிச்சவனுக்குச் சொல்லு தானா வந்து நிக்கும்" என்பார்.

சில நாள் எங்களைச் சோதிப்பதற்காக, "டேய், நேத்துப் பாடினத வசனமா சொல்லு பாக்கலாம்" என்பார். இரண்டு அடி வரும். மூன்றாவதில் நாக்கு நின்றுவிடும். "இப்பப் பாடு" என்பார். முழுசாய் வரும். இது கூத்துக்காரனுக்கு மட்டும் நடப்பதில்லை. வாய்ப்பாட்டை ராகம் போட்டுப் படித்த எந்தத் தமிழ்ப்பிள்ளையையும் கேட்டுப் பாருங்கள். ஏழெட்டு எவ்வளவு என்றால், ஓரேழ் ஏழிலிருந்து மனசுக்குள் ஓடி வந்துதான் ஐம்பத்தாறில் நிற்கும். திண்ணைப் பள்ளிக்கூடத்தில் எண்சுவடி மனப்பாடமானதும் இப்படித்தான். செய்யுளில் எதுகையும் மோனையும் இருப்பதற்கும், ஒரு பாட்டின் கடைசிச் சொல்லை அடுத்த பாட்டின் தொடக்கமாக்கும் அந்தாதி என்ற ஏற்பாட்டுக்கும் பண்டிதர்கள் என்ன காரணம் சொன்னாலும், எனக்குத் தெரிகிற காரணம் ஒன்று. ஓலை கையில் இல்லாதவன் இருட்டில் தடவிக்கொண்டு போகக் கட்டிவைத்த கயிறு அது.

ஒரு ராத்திரிக் கூத்தில் என்னென்ன இருக்கிறது என்று பார்த்தாலே இது தெரியும். விருத்தம் உண்டு, தரு உண்டு, கொச்சகம் உண்டு. இடையிடையே வசனம் உண்டு. பாட்டு எங்கள் வாத்தியார் காலத்தில் எப்படி இருந்ததோ அப்படியே இருக்கிறது. வசனமோ ராத்திரிக்கு ராத்திரி மாறும். துரியோதனன் பேசுகிற வசனத்தில் அந்த ஊர் ஏரி வரும், மழை வராதது வரும், நெல்லு விலை வரும். வேஷக்காரர் தன் சாமர்த்தியத்தில் கட்டுவது அது. மெட்டுக்குள் இருப்பது கல் மாதிரி நிற்கிறது, வெளியே இருப்பது தண்ணீர் மாதிரி ஓடுகிறது. இரண்டும் கூத்துக்குத் தேவை. ஆனால் பாரதம் எதில் பத்திரமாக இருக்கிறது என்று கேட்டால் மெட்டைத்தான் காட்டுவேன்.

மெட்டை நம்பிப் பாடியவர்கள் வேறு நாட்டிலும் உண்டு. ஐரோப்பாவில் யுகோஸ்லாவியா என்று இருந்த நாட்டில் மில்மன் பாரி என்ற அமெரிக்கப் பேராசிரியர் 1930-களில் நாட்டுப் பாடகர்களைத் தேடிப் போனார். அங்கே அவர் கண்ட பாடகர்களில் அவ்தோ மெஜெதோவிச் என்பவர் எழுதப் படிக்கத் தெரியாதவர். 1935-ல் அவர் ஒரே கதையைப் பன்னிரண்டாயிரம் அடிகளுக்கு மேல் சொல்லியிருக்கிறார். அந்தப் பாடகர்கள் ஒவ்வொரு சொல்லையும் உருப்போட்டு வைத்திருக்கவில்லை, சந்தத்துக்குள் உட்காரும் சொற்கட்டுகளை வைத்துக்கொண்டு பாடப் பாடக் கதையைக் கட்டினார்கள் என்று பாரியும் அவருடைய சீடர் ஆல்பர்ட் லார்டும் கண்டு எழுதினார்கள். இதை ஒரு நண்பர் எனக்குச் சொன்னபோது எனக்கு வாத்தியாரின் நெல் களம்தான் கண்ணில் தெரிந்தது.

அச்சுப் புத்தகம் எங்களிடம் இல்லை என்று சொல்ல மாட்டேன். சென்னையில் இரத்தின நாயகர் அண்ட் ஸன்ஸ் போட்ட பெரிய எழுத்து நாடகப் புத்தகங்களைக் கூத்துக்காரர்கள் பல தலைமுறை வைத்திருந்தார்கள். வாத்தியார் பெட்டியிலும் முனை மடிந்த பழுப்பேறிய ஒன்று உண்டு. ஒவ்வொரு பாட்டின் தலையிலும் இராகம் இன்னது, தாளம் இன்னது என்று போட்டிருக்கும். முகாரி, ஆதி. அவ்வளவுதான். முகாரியில் எந்தப் படியில் நின்று அழ வேண்டும், எந்தச் சொல்லை இழுக்க வேண்டும், எந்த இடத்தில் மத்தளம் அடங்கி முகவீணை மட்டும் நிற்க வேண்டும் என்பது அதில் கிடையாது. மெட்டு தெரிந்தவனுக்கு அந்தப் புத்தகம் ஒரு கைகாட்டி. தெரியாதவன் அதை வைத்துக்கொண்டு ஒரு அடிகூட ஆட முடியாது.

முகவீணைக்காரனின் வேலை என்ன என்பதை இப்போது சொல்லிவிடுகிறேன். வேஷக்காரர் ஒரு அடியைப் பாடுவார். பின்பாட்டுக்காரர்கள் அதை வாங்கித் திருப்பிப் பாடுவார்கள். அந்த முடிவிலிருந்து அடுத்த அடிக்குப் போகிற இடைவெளியை நான் நிரப்புவேன். கேட்கிறவர்களுக்கு அது ஒரு அலங்காரம். வேஷக்காரருக்கு அதுதான் அடுத்த அடி. நடுராத்திரி தாண்டி, தோளில் மரக்கட்டை அணிகளைப் பூட்டி, தலையில் கிரீடத்தின் கனம் அழுத்த, சுழன்று சுழன்று ஆடிவிட்டு மூச்சு வாங்க நிற்கிற மனுஷனுக்குச் சொல் எங்கிருந்து வரும்? நான் ஊதுகிற அந்தத் திருப்பத்திலிருந்து வரும். பெட்டிக்காரர் கட்டையை அமுக்கிச் சுருதிக்கு இடம் காட்டுவார். ஒரு சுரத்திலிருந்து அடுத்ததுக்கு வழுக்கிக்கொண்டு போகிற வழியை என் குழலால்தான் காட்ட முடியும்.

வழி காட்டுகிறவன் தவறினால் என்ன ஆகும் என்பதை ஒரு ராத்திரி நான் கற்றுக்கொண்டேன். எனக்கு அப்போது இருபத்தைந்து வயது இருக்கும். ஊதுவதில் கை தேறிவிட்டது என்ற நினைப்பு வந்திருந்த காலம். பங்குனியில் ஆரம்பித்து ஆடி வரைக்கும் எங்களுக்குத் தூக்கம் கிடையாது. திரௌபதி அம்மன் கோயில்களில் பகலில் பாரதப் பிரசங்கம், ராத்திரியில் கூத்து. வில் வளைப்பில் தொடங்கிப் பகடைத் துகில், அர்ஜுனன் தபசு, கிருஷ்ணன் தூது என்று போய்ப் படுகளத்தில் முடியும். அந்த வருஷம் ஒரு கோயிலில் அபிமன்னன் சண்டையை முடித்துக்கொண்டு, வேனில் இரண்டு மணி நேரம் உட்கார்ந்தபடியே கண்ணயர்ந்துவிட்டு, மறுநாள் ஒரு கருமாதி வீட்டில் கர்ண மோட்சத்துக்கு உட்கார்ந்திருந்தேன்.

கர்ணன் போருக்குப் புறப்படுவதற்கு முன்பு பொன்னுருவியிடம் விடை கேட்கிற கட்டம். எங்கள் ஜமாவில் அந்தப் பாட்டுக்கும், அபிமன்னன் தன் பெண்ஜாதி சுந்தரியிடம் விடை கேட்கிற பாட்டுக்கும் ஒரே மெட்டு. போருக்குப் போகிறவன், தடுக்கிறவள், இரண்டும் ஒரே வேதனை என்பதால் முன்னோர் அப்படி வைத்திருக்க வேண்டும். வித்தியாசம் ஒன்றே ஒன்றுதான். கர்ணன் பாட்டில் இரண்டாம் அடி முடிந்ததும் மெட்டு கீழே இறங்கிப் படியும். அபிமன்னன் பாட்டில் அதே இடத்தில் மேலே எட்டிப் பார்த்துவிட்டு இறங்கும். அவன் சின்னப் பையன் அல்லவா, அதனால்.

என் விரல் முந்தின ராத்திரியிலேயே இருந்தது. கீழே இறங்க வேண்டிய இடத்தில் மேலே எட்டிவிட்டேன். அரை நொடிகூட இருக்காது. கர்ணன் வேஷம் கட்டியிருந்தவர் முப்பது வருஷமாக அதே வேஷத்தைக் கட்டுகிறவர், எனக்கு அண்ணன் முறை. அவர் வாயைத் திறந்தார். வந்தது சுந்தரியின் பெயர். பொன்னுருவி எதிரே நிற்கிறாள், கர்ணன் சுந்தரியைக் கூப்பிடுகிறான். அந்தப் பெயரோடு நிற்கவில்லை, அடி முழுவதும் அபிமன்னனுடைய அடி. அவர் கண்ணைப் பார்த்தேன். தான் எங்கே இருக்கிறோம் என்று அவருக்கே தெரியவில்லை. நான் அவரைக் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போய் வேறொருவர் வீட்டு வாசலில் நிறுத்தியிருந்தேன்.

பின்பாட்டில் இருந்த இரண்டு பெரியவர்கள் அந்த அடியை வாங்கவில்லை. வாயை மூடிக்கொண்டார்கள். ஒரு தாளம் முழுக்கச் சும்மா போயிற்று. மத்தளமும் தாளமும் மட்டும் ஓடின. அடுத்த எடுப்பில் அவர்களே கர்ணனுடைய சரியான அடியை எடுத்துப் பாடினார்கள். நான் மெட்டைக் கீழே இறக்கிப் படிய வைத்தேன். கர்ணன் கண்ணில் வெளிச்சம் வந்தது. பாட்டு தொடர்ந்தது. விடிந்ததும் அண்ணன் காலில் விழுந்தேன். "என்னடா பண்ண, நீ எந்தக் கதவத் தொறக்கிறியோ அந்த வழியாதான் நான் வருவேன்" என்றார். வேறு ஒன்றும் சொல்லவில்லை. அதற்குப் பிறகு எத்தனை கூத்து ஊதியிருப்பேன் என்று கணக்கில்லை. அந்தத் திருப்பம் வரும்போது இன்றைக்கும் முதுகு நிமிர்ந்துவிடும்.

அன்றைக்குப் பின்பாட்டுக்காரர்கள் செய்ததை நான் வெகுநாள் யோசித்திருக்கிறேன். அவர்கள் ஏன் ஒவ்வொரு அடியையும் திருப்பிப் பாடுகிறார்கள் என்று கேட்டால், வேஷக்காரருக்கு மூச்சு வாங்க நேரம் என்பார்கள். அது நிஜம். இன்னொன்றும் நிஜம். அவர்கள் வாங்கினால்தான் அந்த அடி சரி. நாலு பேர் தொண்டையில் ஏறாத அடி களரியில் நிற்காது.

இதே வழக்கத்தை எங்கள் பக்கத்துக் கல்லிலும் பார்க்கலாம். உத்திரமேரூர் என்றதும் எல்லோருக்கும் ஞாபகம் வருவது, குடத்தில் ஓலை போட்டு ஊர் வாரியத்துக்கு ஆள் எடுத்த குடவோலை. பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் வைகுந்தப் பெருமாள் கோயில் மண்டபத்தில் முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டு இருக்கிறது. 919, 921 என இரண்டு வருஷத்து ஏற்பாடுகள். முப்பது குடும்பு, நிற்கிறவனுக்குக் கால் வேலிக்கு மேல் இறை கட்டும் நிலமும் சொந்த மனையில் வீடும் வேண்டும், வயது முப்பத்தைந்துக்கு மேல் எழுபதுக்குள் என்பதெல்லாம் பாடப் புத்தகத்தில் வரும். எங்கள் ஊர்ப் பக்கம் கல்லில் எழுதியவர்களுக்குப் பேர் போனது. எனக்கோ அந்தக் கல்வெட்டில் பிடித்தது வேறு இரண்டு செய்திகள். ஒன்று, வேதம் தெரிந்திருக்க வேண்டும் என்பதோடு விடாமல், பிறருக்கு ஓதுவித்து அறிந்தவனாக இருக்க வேண்டும் என்று கேட்டது. தான் மனப்பாடம் செய்தது போதாது, இன்னொருவன் வாயில் ஏற்றியிருக்க வேண்டும். இரண்டாவது, ஓலையை எடுக்கும் முறை. உள்ளே என்ன இருக்கிறது என்று அறியாத ஒரு சிறுபிள்ளை குடத்திலிருந்து ஓலையை எடுத்துக் கொடுப்பான். மத்தியஸ்தன் ஐந்து விரலையும் அகல விரித்து உள்ளங்கையில் அதை வாங்கி வாசிப்பான். அதோடு முடிவதில்லை. அங்கே மண்டபத்தில் இருக்கிற நம்பிமார் எல்லோரும் அந்த ஓலையை வாங்கி வாசிக்க வேண்டும். அப்படி வாசித்த பெயரைத்தான் எழுதிக்கொள்வார்கள்.

எழுதிய ஓலை கையில் இருக்கிறது. ஒருவர் வாசித்தும் ஆயிற்று. அப்புறம் ஏன் அத்தனை பேர்? அந்த மண்டபத்துப் பக்கம் போகும்போதெல்லாம் எனக்கு அந்த நம்பிமார் பின்பாட்டுக்காரர்களாகத் தெரிகிறார்கள். ஓலையைத் திருத்தலாம், மறைக்கலாம். சபை முழுக்கக் கேட்கப் பத்து வாய் சொன்னதை எவனும் திரும்ப வாங்க முடியாது.

தேவாரத்துக்கும் இதே கதைதான். தில்லையில் பூட்டிக் கிடந்த ஏடுகளைக் கரையான் தின்றது போக மீதியைச் சோழ ராஜாவும் நம்பியாண்டார் நம்பியும் மீட்டார்கள் என்று திருமுறை கண்ட புராணம் சொல்கிறது. பதிகம் கிடைத்துவிட்டது, பண் தெரியவில்லை. அதற்கு அவர்கள் தேடிப் போனது எருக்கத்தம்புலியூரில் திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் வந்த ஒரு பெண்ணை. ஏட்டில் இல்லாதது அந்த அம்மாவின் தொண்டையில் இருந்தது. காஞ்சிபுரத்துக் கோயில்களில் ஓதுவார் பண்ணோடு பாடக் கேட்கும்போது, அந்த அம்மாளுக்கு மனசுக்குள் ஒரு கும்பிடு போட்டுக்கொள்வேன்.

வாத்தியாரைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும்.

அவருக்கு அறுபத்தெட்டு வயதில் பக்கவாதம் வந்தது. வலது கையும் காலும் விழுந்துவிட்டன. பேச்சு போய்விட்டது. சொல்வது புரிந்தது, கண் எல்லாவற்றையும் பின்தொடர்ந்தது, வாயிலிருந்து வந்தது மட்டும் "அது... அது..." நாற்பது வருஷம் துரியோதனனாகக் களரியை அதிர வைத்தவர் தண்ணீர் கேட்க முடியாமல் கண் கலங்கினார். நான் பார்க்கப் போனபோது என்ன பேசுவது என்று தெரியவில்லை. முகவீணையை எடுத்துக்கொண்டு போயிருந்தேன். எதற்கு எடுத்துப் போனேன் என்றும் தெரியாது. கிருஷ்ணன் தூதில் துரியோதனன் திரைக்குப் பின்னால் வந்து நிற்கும்போது பாடுகிற திரைத் தருவை மெதுவாக ஊதினேன். வீட்டுக்குள் ஊதுகிற வாத்தியமில்லை இது. அதனால் சீவாளியைக் கொஞ்சமாகக் கடித்து அடக்கி ஊதினேன்.

முதல் சுற்றில் இடது கை விரல்கள் கட்டிலின் சட்டத்தில் தாளம் தட்டத் தொடங்கின. இரண்டாம் சுற்றில் உதடு அசைந்தது. மூன்றாம் சுற்றில் அவர் பாடினார். சொல்லோடு. இரண்டு அடி முழுசாக, ஒரு எழுத்துச் சிதையாமல், பழைய அதே எடுப்பில். பக்கத்தில் நின்றிருந்த வாத்தியார் வீட்டம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டார். நான் ஊதுவதை நிறுத்தியதும் அவர் ஏதோ சொல்ல வந்தார். மறுபடியும் "அது... அது..."

இது அதிசயமில்லை என்று பிறகு ஒரு டாக்டர் எனக்கு விளக்கினார். பெரும்பாலானவர்களுக்குப் பேச்சுக்கான இடம் மூளையின் இடது பாதியில் இருக்கிறது. பாட்டுக்கு வலது பாதியும் சேர்ந்து வேலை செய்கிறது. இடது பக்கம் அடிபட்டுப் பேச்சிழந்த சிலர் தெரிந்த பாட்டைச் சொல்லோடு பாடுவது உண்டு. அதை வைத்தே, சின்னச் சின்ன வாக்கியங்களை ராகம் போட்டுத் தாளம் தட்டிச் சொல்லப் பழக்குகிற ஒரு சிகிச்சையை பாஸ்டன் நகரத்தில் 1973-ல் உருவாக்கியிருக்கிறார்கள். வாத்தியார் வீட்டம்மாவுக்கு பாஸ்டன் தெரியாது. நான் ஊதிய அன்றைக்கு ராத்திரியே அந்த அம்மா "தண்ணி குடுடி" என்பதை அந்தத் திரைத் தருவின் முதல் எடுப்பில் வைத்து, வாத்தியாரின் இடது கையைப் பிடித்துத் தட்டிக்கொண்டே, அவர் முகத்துக்கு நேராகப் பாட ஆரம்பித்துவிட்டார். நாலைந்து மாதத்தில் வாத்தியார் தண்ணீரைப் பாடிக் கேட்டார். பிறகு சோற்றை. பிறகு வெற்றிலையை. கடைசி வரைக்கும் அவர் பேசியதெல்லாம் அந்த ஒரே மெட்டில்தான். தெருவில் போகிறவர்களுக்கு அந்த வீட்டில் எப்போதும் ஒரு துரியோதனன் திரைக்குப் பின்னால் நிற்பது போலிருக்கும்.

எடிசன் 1877-ல் வெள்ளீயத் தாளில் குரலைப் பிடித்து வைத்தார். இன்றைக்கு ஒவ்வொரு கூத்திலும் பத்துப் பேர் செல்போனில் பிடிக்கிறார்கள். விடிவதற்குள் யூடியூபில் ஏறிவிடுகிறது. அதை நான் குறை சொல்ல மாட்டேன். எனக்கே மறந்த ஒரு கொச்சகத்தைப் பழைய கேசட்டிலிருந்து மீட்டிருக்கிறேன். கல்யாண வீட்டு ஒலிபெருக்கியில் திருவிளையாடல் வசனத்தைக் கேட்டுக் கேட்டே முழுப் படத்தையும் ஒப்பித்தவர்கள் எங்கள் ஊரில் உண்டு. எழுத்துக்கூட்டத் தெரியாத ஆயாக்கள்கூட ஒப்பிப்பார்கள். ஒலிப்பதிவும் தன் வேலையைச் செய்கிறது. எனக்குள்ள கவலை வேறு. செல்போனில் இருக்கிறதே என்று பின்பாட்டுக்கு ஆள் வருவது குறைந்துவிட்டது. நாலு பேர் இருந்த இடத்தில் இப்போது இரண்டு பேர், சில ஜமாவில் ஒருவர். போனில் இருக்கும் பாட்டு தப்பு வந்தால் வாயை மூடிக்கொள்ளாது. தப்பையும் சரியையும் ஒரே மாதிரி வைத்திருக்கும்.

சுருதியும் இறங்கிக்கொண்டிருக்கிறது. மைக் இல்லாத காலத்தில் கடைசி வரிசைக்குக் கேட்க வேண்டும் என்று உச்சத்தில் பாடினார்கள். எங்கள் ஜமாவுக்கு ஐந்து கட்டைச் சுருதி. மைக் வந்த பிறகு எதற்குக் கத்த வேண்டும் என்று மூன்று, மூன்றரைக்கு இறக்குகிறார்கள். இறக்கியதும் பழைய வேஷக்காரர்களுக்குச் சொல் தட்டுகிறது என்பதை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். தொண்டை நரம்பு எந்த இழுப்பில் கற்றதோ அந்த இழுப்பில்தான் அது தன் சொல்லைக் கொடுக்கும். முகவீணைக்குப் பதில் கீபோர்டு வைக்கிறவர்களிடமும் நான் சண்டைக்குப் போவதில்லை. ஒரே ஒரு தடவை வேஷக்காரரின் கண்ணைப் பார்த்துக்கொண்டு வாசியுங்கள் என்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன்.

கற்றுக்கொடுக்கிற இடங்கள் இருந்தால் இது நிற்கும். செய்யாறு பக்கம் புரிசையில் தம்பிரான் குடும்பம் தலைமுறை தலைமுறையாக நடத்துகிறது. காஞ்சிபுரத்துக்கு அருகில் புஞ்சரசந்தாங்கலில் உள்ள கட்டைக்கூத்துச் சங்கம் 1990-ல் தொடங்கியது. 2002 முதல் 2020 வரை குருகுலம் வைத்து, பள்ளிப் படிப்போடு கூத்தும் சொல்லிக்கொடுத்தார்கள், பெண் பிள்ளைகளுக்கும். என்னிடம் இப்போது மூன்று பிள்ளைகள் வருகிறார்கள். அதில் ஒருத்திக்குப் பன்னிரண்டு வயது. "எப்ப மாமா பாட்டு சொல்லித் தருவீங்க?" என்று தினமும் கேட்கிறாள். தன்னன்னாவில் பதினெட்டாவது நாள் நடக்கிறது.

அந்தக் கருமாதிக் கூத்துக்குத் திரும்புகிறேன். விடிகிற நேரத்தில் குந்தி வந்து கர்ணனை மடியில் போட்டு முகாரியில் அழுதாள். பெண்கள் பக்கத்தில் ஒப்பாரி எழுந்தது. மங்களம் பாடி முடித்தோம். வேஷக்காரர்கள் தேங்காய் எண்ணெய் தொட்டு அரிதாரத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள். நான் சீவாளியைக் கழற்றித் துடைத்துத் துணியில் சுற்றும்போது, இறந்தவரின் மனைவி ஒரு பேத்தியின் தோளைப் பிடித்துக்கொண்டு களரிக்குள் வந்தார். பொட்டில்லாத நெற்றியைப் பார்க்க எனக்குக் கஷ்டமாக இருந்தது.

"தம்பி, ராத்திரி ஒண்ணு ஊதினியே, அத இன்னொரு வாட்டி ஊதுறியா?"

"எதும்மா?"

சொல்ல அவருக்குத் தெரியவில்லை. எந்தக் கட்டம், யார் பாட்டு, ஒன்றும் தெரியவில்லை. வாயை மூடிக்கொண்டு மூக்கால் முனகிக் காட்டினார். ம்ம்... ம்ம்ம்... சுருதி எங்கோ இருந்தது. ஆனால் இரண்டாம் அடியின் முடிவில் அது கீழே இறங்கிப் படிந்தது. கர்ணன் விடை கேட்கிற பாட்டு.

"அவரு தண்ணி மடை திருப்பறப்போல்லாம் இதத்தான் முனகுவாரு. வரப்புல சோறு எடுத்துக்கினு வரும்போது தூரத்துல இருந்தே கேக்கும். என்னா பாட்டுன்னு நான் கேட்டதேயில்ல. ராத்திரி நீ ஊதவும் அவரே வந்து நின்ன மாதிரி ஆயிடுச்சி."

சுற்றிய துணியைப் பிரித்தேன். சீவாளி இன்னும் ஈரமாகத்தான் இருந்தது. மத்தளம் உறையில் போய்விட்டது, பெட்டி மூடியாயிற்று. வெறும் குழலில் அந்த மெட்டை எடுத்தேன். முதல் அடி முடிந்து நான் திரும்புகிற இடத்தில், வேனில் மூட்டையை ஏற்றிக்கொண்டிருந்த பின்பாட்டுக்காரர் மூட்டையைத் தோளில் வைத்தபடியே இரண்டாம் அடியை வாங்கினார்.